கூனும் ஒரு முறிவே

முதியோர் கூனுவது மூப்பின் இயல்பென்றே பலரும் எண்ணுவர். பல வேளைகளில் அது முள்ளந்தண்டின் முறிவாகும். என்பு நலிந்தவர் விழவேண்டியதில்லை. வாளியொன்றைத் தூக்கக் குனிந்தாலே முள்ளென்பின் முன்புறம் நசுங்கி ஆப்பு வடிவாகிவிடலாம். உயரம் குறையும், முதுகு வளையும்.

முறிந்த என்பு பெரும்பாலும் மூன்று மாதங்களுள் தானே ஆறிவிடும். அதுவரை வலிதணிக்கும் மருந்தும் சிறிது ஓய்வும் வேண்டும். நெடுநாள் படுத்திருந்தாலோ என்பு மேலும் நலியும். நசுங்கிய என்பினுள் சீமந்து செலுத்தும் முறை 1984இல் பிரான்சிலே தொடங்கிற்று. ஆயின், சீமந்தில்லாப் போலிச் சிகிச்சையினும் அது வலியை மிகுதியாகத் தணிக்கவில்லை என்று 2009இல் வெளியான இரு ஆய்வுகள் காட்டின.

ஒரு முறிவு அடுத்த முறிவின் முன்னறிவிப்பாகும். ஆதலின் என்பை உறுதியாக்கும் மருந்தே தலையாயது. அம்மம்மாவின் திடீர் முதுகுவலியை வயதின் குற்றமென்று தள்ளாது, வைத்தியரிடம் காட்டி ஊடுகதிர்ப்படம் எடுப்பித்தல் நம் கடன்.