மயில்துத்தத்தில் ஓர் ஆணி

அமெரிக்காவில் வீட்டுக்குப் பின்னால் மரத்தில் டெக் என்னும் திறந்த மேடை போடுகிறவர்கள் பலர் வாயில் வருவது இது: "கால்வனைஸ் ஆணிதானே, துருவே பிடிக்காது. எங்க பழைய டெக் இருபது வருஷம் நின்னுச்சு."

நின்றிருக்கும். அது வேறு மரம். கரையானும் பூஞ்சையும் அண்டாமலிருக்க அன்று அழுத்தத்தில் ஏற்றிய மருந்து குரோமியம், செம்பு, ஆர்சனிக் மூன்றும் சேர்ந்த சி.சி.ஏ. (1933-ல் டேராடூன் வன ஆராய்ச்சி நிலையத்தில் சொன்டி காமேசன் கண்டுபிடித்தது, நம் ஊர்ச் சரக்கு!) ஆர்சனிக் பயத்தால் 2003 முடிவோடு வீட்டு உபயோகத்துக்கு அதை நிறுத்திக்கொண்டார்கள். பதிலுக்கு வந்த ஏ.சி.க்யூ., காப்பர் அசோல் இரண்டிலும் செம்பு கூடுதல். அரிப்பை அடக்கிவைத்த குரோமியம் இல்லை.

பள்ளிக்கூடத்தில் மயில்துத்தக் கரைசலில் ஆணியைத் தொங்கவிட்டது நினைவிருக்கிறதா? கொஞ்ச நேரத்தில் நீலம் வெளுக்கும், ஆணிமேல் செம்பழுப்பாகப் படியும். செம்பு ஆணியில் ஏற, இரும்பு கரைசலில் இறங்கிவிட்டது. மழையில் நனையும் டெக்கிலும் அதே கூத்துதான், மெதுவாக நடக்கிறது. கால்வனைஸ் ஆணிமேல் பூசிய துத்தநாகம் இரும்புக்கும் முந்திக் கரையும். வெளியே ஆணியின் தலை நன்றாகவே இருக்கும். பிடுங்கிப் பார்த்தால்தான் மரத்துக்குள் தண்டு இளைத்துப்போனது தெரியும்.

"கால்வனைஸ்" என்ற ஒரே பேரில் இரண்டு சரக்கு விற்கிறது. மின்முலாம் பூசிய ஸ்க்ரூ கண்ணாடி மாதிரி மின்னும். பூச்சு பெரும்பாலும் 5 முதல் 10 மைக்ரான். உருகிய துத்தநாகத்தில் முக்கி எடுத்தது மங்கலாக, சொரசொரப்பாக இருக்கும், ஏ.எஸ்.டி.எம். ஏ153 தரப்படி ஆணிக்குச் சராசரி 43 மைக்ரான். கடையில் கண் மின்னுவதன் பக்கம்தான் போகும். நான் சொரசொரப்பை எடுப்பேன்.

"அப்ப எவர்சில்வரே போட்டுட்டா?" போடலாம். உப்புக்காற்று அடிக்கும் கடலோரத்தில் அதுதான் சரி, அதுவும் 316 ரகம். ஆனால் உத்திரத்தைத் தாங்கும் ஹேங்கர் தகடு கால்வனைஸாக இருக்க, ஆணி மட்டும் எவர்சில்வர் என்றால், ஈரத்தில் இரண்டும் ஒட்டியிருக்கத் தகட்டின் துத்தநாகம் கரையத் தொடங்கும். தகடு எதுவோ ஆணியும் அதுவே.

சாதா இரும்பாணி செல்லுபடியாகும் இடமும் ஒன்று உண்டு: செம்பில்லாத போரேட் மருந்து ஏற்றிய மரம், வீட்டுக்குள், ஈரம் படாத இடத்தில்.