ஆங்கிலச் சிறுசொற்களும் இலண்டன் தெருமொழியும்: ஓர் இரட்டை அளவுகோல்

ஆங்கிலத்தின் வளத்தைப் போற்றுவோர் நம் பல்கலைக்கழகங்களிற் பலருளர். அவர்கள் காட்டும் சான்றுகளுள் ஒன்று, அம்மொழியின் சிறுசொற்கள் தாங்கிநிற்கும் பொருட்பெருக்கம். ஒக்ஸ்போர்ட் ஆங்கில அகராதியின் 1989ஆம் ஆண்டு இரண்டாம் பதிப்பில் 'செற்' என்னும் மூன்றெழுத்து வினைக்கு 430க்கு மேற்பட்ட பொருள்கள் உள. அவற்றின் விளக்கம் ஏறத்தாழ 60,000 சொற்களில் அமைந்தது. மூன்றாம் பதிப்புக்கான வேலையில் 'ரன்' என்னும் வினை 645 பொருள்களுடன் அதனை முந்தியதென 2011இல் செய்தி வந்தது. இவற்றை வியந்துரைக்கும் அதே பெருமக்கள், இலண்டன் உழைப்பாளரிடையே தோன்றிய இயைபு வழக்கைப் பற்றிப் பேச்செழுந்தால் முகஞ்சுளிக்கின்றனர். திருடர் பாஷை என்கின்றனர், மொழிச்சிதைவு என்கின்றனர். முன்னதைச் செல்வமென்றும் பின்னதைக் குப்பையென்றும் கொள்ளும் இந்நோக்கு தவறானது மட்டுமன்று, நேர்மையற்றதுமாகும்.

இயைபு வழக்கு எவ்வாறு இயங்குகிறதென்று முதலில் நோக்குவோம். ஒரு சொல்லுக்குப் பதிலாக, ஈற்றோசையில் அதனை ஒத்த ஒரு தொடரை வைப்பதே அதன் அடிப்படை. மாடிப்படியாகிய 'ஸ்ரெயர்ஸ்', 'அப்பிள்ஸ் அண்ட் பெயர்ஸ்' ஆகும். தலையாகிய 'ஹெட்', 'லோஃப் ஒஃப் பிரெட்' ஆகும். இம்மட்டில் நின்றிருப்பின் சிறுவர் விளையாட்டென ஒதுக்கிவிடலாம். ஆனால், ஓசை ஒத்த அந்த இறுதிச்சொல்லே பெரும்பாலும் பின்னர் வீழ்ந்துவிடுகிறது. பாணைக் குறித்த 'லோஃப்' தனித்து நின்று தலையைக் குறிக்கத் தொடங்குகிறது; 'யூஸ் யுவர் லோஃப்' என்றால் மூளையைப் பாவி என்பது பொருள். 'லுக்' என்பதற்கு ஈடாக வந்த 'புட்சர்ஸ் ஹுக்' என்னும் இறைச்சிக்கடைக் கொளுக்கியில் 'புட்சர்ஸ்' மட்டும் எஞ்சி, ஒரு பார்வை என்ற பொருளைப் பெறுகிறது. 'மேற்' என்னும் தோழன், பீங்கான் தட்டாகிய 'சைனா பிளேற்' வழியாக வெறும் 'சைனா' ஆகிறான். பெல்பாஸ்ற்றைச் சேர்ந்த பாடகி ரூபி மரே 1950களிற் புகழ்பெற்றவர். அவர் பெயரின் ஈறு 'கறி' என்பதன் ஆங்கில வடிவத்தோடு ஒத்தமையால், இன்று இலண்டனில் 'ரூபி' உண்ணப் போவோம் என்பாருளர். மாணிக்கக் கல்லின் பெயருக்குள் நம் வீட்டுக் கறி புகுந்துகொண்டது!

சிறுசொல்லொன்று புதுப்பொருள் பெறுவது இங்கே கண்முன் நிகழ்கிறது. அகராதி எண்ணிக் காட்டும் பொருட்பெருக்கமும் மக்கள் வாயிற் பிறந்ததே; அதன் பிறப்பு நமக்குத் தெரிவதில்லை என்பதே வேறுபாடு.

'செற்' என்பதையே எடுத்துக்கொள்வோம். அச்சுக்கோப்பவர் எழுத்தை அடுக்குவதும் 'செற்'; பொற்கொல்லர் கல்லைப் பதிப்பதும் 'செற்'; முறிவு வைத்தியர் எலும்பைப் பொருத்துவதும் 'செற்'. வேடன் பொறி வைப்பதும், பணிப்பெண் மேசையில் உணவுக்கலங்களை ஒழுங்குபடுத்துவதும், கட்டுவேலையிற் சாந்து இறுகுவதும் அதுவே. 'ரன்' என்பதற்கு யந்திரமும் புகையிரதமும் தொழிற்சாலையும் அளித்த பொருள்கள் பல. இவற்றை ஆக்கியவர் தொழில் செய்தோர், எண்ணியவரே பண்டிதர். எண்ணிக்கையையுஞ் சற்று அவதானத்துடன் நோக்குதல் வேண்டும். தொகுதி என்னும் பொருளில் வரும் 'செற்' என்ற பெயர்ச்சொல் இலத்தீனிலிருந்து பிரெஞ்சு வழியாக வந்தது. பழைய ஆங்கில வினையோடு அதற்குப் பிறப்புறவில்லை. இரண்டையும் ஒன்றாகக் கூட்டிச் சொல்வளமென்று பறைசாற்றுவது கணக்குப் பிழை.

திருடர் பாஷை என்ற குற்றச்சாட்டு பழையது. ஜோன் கம்டன் ஹொட்டன் 1859இல் வெளியிட்ட கொச்சைச்சொல் அகராதி, இயைபு வழக்கைத் தெருப்பாடகருக்கும், துண்டுப் பிரசுரங்களைக் கூவி விற்போருக்கும் உரியதாகக் கூறுகிறது. பன்னிரண்டு அல்லது பதினைந்து ஆண்டுகளுக்கு முன்னரே அது தோன்றியதென்றும் சொல்கிறது. ஹென்றி மேஹியூ 1851இல் விவரித்த தெருவியாபாரிகளோ சொற்களைத் தலைகீழாக்கிப் பேசினர்; 'போய்' என்னும் பையனைத் திருப்பிய 'யொப்' இன்று ஆங்கிலச் செய்தித்தாள்களிற் சாதாரணமாக வழங்குகிறது. 1829இல் உருவான பொலிஸ் படையோடு நாளும் மோதியவர்கள் இவ்வியாபாரிகள். தமக்குள்ளேயே விளங்கும் பேச்சு அவர்களுக்குத் தேவைப்பட்டதில் வியப்பென்ன? திருடரும் இவ்வழக்குகளைப் பயன்படுத்தினர் என்பது மெய்யே. திருடர் பேசாத மொழி எது?

இவ்விரட்டை அளவுகோலின் மூலவர்களுள் சாமுவேல் ஜோன்சனைக் குறிப்பிடலாம். 1755இல் வெளிவந்த தம் அகராதியின் முன்னுரையில், உழைப்போரும் வணிகரும் வழங்கும் சொற்கள் நிலையற்றவை, பேணத் தகாதவை என அவர் ஒதுக்கினார். அதே முன்னுரையில் 'கெற்', 'செற்', 'ரன்' முதலிய சிறுவினைகளின் பொருளை முழுமையாகப் பிடிக்க இயலவில்லை என்றும் ஒப்புக்கொண்டார். பேசுவோர் ஒவ்வொருவரும் அவற்றை மணிக்கு மணி மாற்றுகின்றனர் என்பது அவர் கூறிய காரணம். அவ்வாறு பேசுவோரிற் பெரும்பாலோர் யார் என்று அவர் தம்மைக் கேட்டுக்கொள்ளவில்லை. நாகரிக இல்லங்களிலும் முட்டாளைக் குறிக்க வழங்கும் 'பேர்க்' என்ற சொல், நரிவேட்டைக் குழுவொன்றின் பெயரிலமைந்த இயைபுத் தொடரின் மிச்சம். அது மறைத்துநிற்கும் மூலச்சொல் அவையிற் சொல்லத் தகாதது. அறியாது சொல்லும் சீமாட்டிகளை எண்ணினால் நகைப்பே வரும்.

தமிழிலக்கணம் இவ்விடயத்திற் குறுகிய நோக்குடையதன்று. நன்னூல் குழூஉக்குறியைத் தகுதி வழக்குகளுள் ஒன்றாக வகுத்தது. பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பதை உரையாசிரியர்கள் உதாரணமாகக் காட்டினர், இகழவில்லை. அந்த நன்னூலைக் கற்ற பண்டிதர்கள்தாம் 1960களின் தொடக்கத்தில் நம் எழுத்தாளரின் பேச்சுநடையை 'இழிசனர் வழக்கு' எனத் தூற்றினர் என்பதையும் இங்கு நினைவுகூரல் தகும். அவர்களது குரலே இன்று ஆங்கில வகுப்பறையில் வேறு உடையில் ஒலிக்கிறது. கிராமப் பாடசாலையிலிருந்து வரும் மாணவர் 'ரன்' என்பதற்கு ஓடுதல் என்ற ஒரு பொருளை மட்டும் அறிந்து வந்தமைக்காக வெட்கப்படுத்தப்படுகின்றார். அச்சொல்லின் ஏனைய பொருள்கள் எந்த மனிதரின் வேலையிற் பிறந்தன என்று அவருக்குச் சொல்லப்படுவதில்லை.

நம் நாட்டின் சிங்கள மாணவர் ஆங்கிலத்துக்கு இட்ட குழூஉக்குறி 'கடுவ', அதாவது வாள். வெட்டுவது எது, வெட்டுண்பவர் யார் என்பதையெல்லாம் ஒரே சிறுசொல்லில் அவர்கள் அடக்கினர். 1984இல் இந்நாட்டில் ஆங்கிலத்தின் அதிகாரம் பற்றித் திரு கந்தையா எழுதிய ஆங்கிலக் கட்டுரைக்கு அச்சொல்லே தலைப்பாயிற்று. 'செற்' என்பதன் பொருள்களை எண்ணச் சொல்லும் நம் விரிவுரையாளருள், 'கடுவ' என்ற சொல் ஏன் பிறந்ததென்று வகுப்பிற் கேட்பவர் எத்தனை பேர்?