துணிவு தனிமையில் விளைவதில்லை

பாண்டிருப்பு திரௌபதை அம்மன் ஆலயத்தின் சடங்கு 18 நாட்கள் நடைபெறுவது. பாண்டவர் வனவாசம் செல்லும் நாளில், வேடம் பூண்டவர்கள் ஊர் வீதிகளால் நடந்து செல்ல, ஊரே திரண்டு நின்று பார்க்கும். அதன் பின்னரே தவநிலை. அதற்கும் பின்னரே தீமிதிப்பு. எமது சமயம் வேறாயினும், இந்த ஒழுங்கைப் பற்றி நாம் பல தடவை சிந்தித்ததுண்டு. முதல் நாளே தீக்குழியில் இறங்கும்படி அங்கு எவரும் ஏவப்படுவதில்லை. விரதம் இருக்க நாட்கள் உண்டு. காட்டுக்குப் போகும் துயரை ஊர் கூடிப் பார்ப்பதற்கு ஒரு நாள் உண்டு. அதன் பிறகுதான் நெருப்பு. அதிலும் ஒருவர் தனித்து இறங்குவதில்லை.

ஆனால் வீடும் வயலும் இழந்து வந்த குடும்பத்திடம் எம்மைப் போன்றவர்கள் என்ன சொல்கின்றோம்? வந்து இறங்கிய அன்றே, "மனந்தளராதீர்கள், தைரியமாக இருங்கள்" என்கின்றோம். உலர் உணவுப் பொதியோடு தைரியத்தையும் சேர்த்து வழங்கிவிடலாம் என்று எண்ணுகின்றோம். முதல் நாளே தீயில் இறங்கச் சொல்வதற்கு இது சமம் அல்லவா?

இந்தத் தவறை நாமும் செய்தோம். 2004 டிசம்பர் 26 அன்று கடல் ஏறி வந்தபோது இலங்கையில் 30,000 இற்கும் அதிகமானோர் இறந்தனர். ஆகக் கூடிய உயிரிழப்பு அம்பாறை மாவட்டத்திலேதான். மருதமுனை, பாண்டிருப்பு, கல்முனை, சாய்ந்தமருது என்று கரையோரம் முழுவதும் அழிந்து கிடந்தது. அப்போது குருமட மாணவராக இருந்த நாம், பாடசாலை ஒன்றில் அமைந்த முகாமில் உதவிக்கு நின்றோம். அங்கிருந்த முதிய கமக்காரர் ஒருவர், குடும்பத்தில் மூவரை இழந்தவர், விடியுமுன் எழுந்து எங்கோ போய்விடுவார். மதியம் சேற்றுக் காலோடு திரும்பி வருவார். அவருக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்றே நாம் பயந்தோம். "ஐயா, இங்கே இருந்து ஆறுதல் எடுங்கள்" என்று தடுத்தோம்.

"பிறதர், பெரும்போக வெள்ளாமை வயலில நிக்குது. தண்ணி பார்க்க வேணும். அதோட, வரம்பில நிண்டாத்தான் எனக்கு அழுகை வருது. இஞ்ச வருகுதில்ல" என்றார்.

எமக்குப் பேச்சு எழவில்லை. ஆறுதலுக்குரிய இடம் எது என்பதை அவர் அறிந்திருந்தார், நாம் அறியவில்லை. அடுத்த கிழமை அவரோடு இன்னும் இருவர் வயலுக்குப் போகத் தொடங்கினார்கள்.

அன்று நாம் கற்ற பாடங்களை இன்று இடம்பெயர்ந்து வாழும் உங்களோடு பகிர விரும்புகின்றோம்.

முதலாவது, அழுகை கோழைத்தனம் அல்ல. அழாதவர்தான் துணிந்தவர் என்ற எண்ணம், குறிப்பாக எமது ஆண்களை, உள்ளுக்குள்ளேயே அரித்துத் தின்கின்றது. பலர் அதைச் சாராயத்தில் கரைக்கப் பார்க்கின்றார்கள். துயரம் கரைவதில்லை, குடும்பந்தான் கரைகின்றது.

இரண்டாவது, கைக்கு வேலை வேண்டும். மண்வெட்டி பிடித்த கையை நிவாரண வரிசையில் மட்டும் நிறுத்தி வைத்தால், அந்தக் கை தன் பலத்தை மறந்துவிடும். சொந்த நிலம் இல்லாதபோதும் கொட்டில் ஓரத்தில் நான்கு கத்தரிக் கன்று நடலாம், ஒரு பசளிக் கொடி படரவிடலாம். காய்ப்பது கொஞ்சமாக இருக்கலாம். ஆயினும் நாளைக்கு நீர் ஊற்ற வேண்டும் என்ற எண்ணத்தோடு நித்திரைக்குப் போகின்றவருக்கு நாளை என்று ஒன்று இருக்கின்றது. 1978 நவம்பர் 23 ஆம் திகதிச் சூறாவளி கிழக்கில் தென்னந்தோட்டங்களைச் சரித்துப் போட்ட பின், எமது பெரியவர்கள் மறுபடியும் தென்னம்பிள்ளை நட்டார்கள். காய் காண எத்தனை வருடம் செல்லும் என்று தெரிந்துதான் நட்டார்கள். அந்தக் கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள். இதற்கு முன்பும் விழுந்தோம், எழுந்தோம் என்பதை அறிந்த பிள்ளை எளிதில் உடைந்து போகாது.

மூன்றாவது, துணை வேண்டும். 1996 இல் மட்டக்களப்பில், யேசுசபைக் குரு போல் சற்குணநாயகம் அடிகளாரும் கனடா நாட்டுக் கலைஞர் போல் ஹோகனும் சேர்ந்து, யுத்தத்தால் பாதிக்கப்பட்ட சிறுவர்களுக்காக வண்ணத்துப்பூச்சி சமாதானப் பூங்காவைத் தொடங்கினார்கள். அங்கே பிள்ளைகளுக்குப் புத்திமதி சொல்வதை விட, களிமண், வர்ணம், கதை, நாடகம் என்று கையில் கொடுத்து அவர்களோடு கூட இருப்பதே முக்கியமாகக் கருதப்பட்டது. தமிழ்ப் பிள்ளைகளும் முஸ்லிம் பிள்ளைகளும் ஒரே மரநிழலில் விளையாடினார்கள்.

இந்தக் கடைசிச் செய்தி எமது கரைக்கு மிக அவசியமானது. 1990 ஆகஸ்டில் காத்தான்குடிப் பள்ளிவாசல்களிலும் வீரமுனைக் கோவிலிலும் சிந்திய இரத்தம், இரு சமூகங்களையும் ஒருவரை ஒருவர் கண்டு அஞ்ச வைத்தது. அந்த அச்சம் பலரது மனதில் இன்னும் நீங்கவில்லை. ஆனால் கல்லோயாத் திட்டத்தின் நீர், வாய்க்கால் வழி வரும்போது யாருடைய வயல் என்று கேட்டுப் பாய்வதில்லை. அயல் சமூகத்துக் கமக்காரனோடு நீருக்காகவும் உரத்துக்காகவும் ஒரே வாங்கில் அமர்ந்து பேசுவதற்கும் துணிவு வேண்டும். சில வேளை தீமிதிப்பதை விடக் கூடிய துணிவு வேண்டும்.

இவ்விடத்தில் ஓர் எச்சரிக்கையும் அவசியம். "இந்த மக்கள் உள்ளத்தில் உறுதி படைத்தவர்கள், எதையும் தாங்குவார்கள்" என்று அதிகாரிகளும் தொண்டு நிறுவனத்தாரும் புகழும்போது கவனமாயிருங்கள். தாங்குகின்றார்கள் என்பதற்காகச் சுமையை இறக்காமல் விடுவது நியாயமா? மன உறுதி என்பது அநீதிக்குப் பழகிப் போவது அல்ல. உரியதை உரியவாறு கேட்கும் பலமே அது.

2017 ஜனவரி 31 அன்று முல்லைத்தீவு, கேப்பாப்பிலவு பிலக்குடியிருப்பு மக்கள் தமது காணிகளுக்கு வெளியே வீதியோரத்தில் அமர்ந்தார்கள். பெண்களும் பிள்ளைகளும் பனியிலும் வெயிலிலும் ஒரு மாதம் இருந்தார்கள். மார்ச் 1 அன்று காணி விடுவிக்கப்பட்டது. 1992 இல் இரணைதீவை விட்டு வெளியேறிய மீனவக் குடும்பங்கள் ஏறத்தாழ ஒரு வருடம் போராடிய பின், 2018 ஏப்ரல் 23 அன்று வெள்ளைக் கொடி ஏந்திய வள்ளங்களில் தமது தீவில் போய் இறங்கினார்கள். எமது மாவட்டத்திலேயே, 1990 இல் பொத்துவில் கனகர் கிராமத்தை விட்டு வெளியேறிய குடும்பங்கள் 2018 ஆகஸ்டில் வீதியோரம் அமர்ந்து காணி கேட்கத் தொடங்கினார்கள். இவர்களுள் தனித்து நின்றவர் எவரும் இல்லர். ஒருவருக்குக் காய்ச்சல் என்றால் மற்றவர் அமர்ந்தார். ஒருவர் சலித்தால் மற்றவர் சமைத்துக் கொடுத்தார். துணிவு என்பது அவர்களிடம் முறை வைத்துச் சுற்றி வந்தது.

எனவே, அன்பான கமக்காரக் குடும்பங்களே, சில காரியங்களை இக்கிழமையே தொடங்குங்கள். காணி உறுதி, அனுமதிப்பத்திரம், பழைய வரிப்பற்றுச்சீட்டு எதுவாயினும் பிரதி எடுத்து இரண்டு இடங்களில் வையுங்கள். ஒன்றுமே மிஞ்சவில்லை என்றால், நான்கு எல்லையையும், அயல் காணிக்காரரின் பெயரையும், நின்ற மரத்தையும் கிணற்றையும் பெரியவர்கள் சொல்லச் சொல்லப் பிள்ளைகள் எழுதி வைக்கட்டும். கிழமைக்கு ஒரு தடவை கூடி, யாருடைய மனு எந்தக் கந்தோரில் கிடக்கின்றது என்று பேசுங்கள். தனி ஆளாகப் போகாமல் மூவராகப் போங்கள்.

கூட்டத்துக்கு வராதவரையும் எண்ணிப் பாருங்கள். ஒருவர் நித்திரை இல்லாமல், உண்ணாமல், செத்துப் போனால் நல்லது என்று பேசுவாராயின், அவரைத் தனியே விடாதீர்கள். ஆஸ்பத்திரியின் உளநலப் பிரிவுக்குக் கூட்டிச் செல்லுங்கள். கால் முறிந்தவரைத் தூக்கிச் செல்ல நாம் வெட்கப்படுவதில்லையே.

எம் போன்றவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். தைரியம் சொல்வதை நாம் சற்றுக் குறைத்துக்கொள்வோம். விடியற்புறம் எழுந்து வயலுக்குப் போகின்றவரைத் தடுக்காமல், அவரோடு வரம்பு மட்டும் நடந்து போவோம்.