24 பிட்டும் என் காதும்

புனே வாசத்தில் புது வியாதி: ஹை-ரெஸ் இசை. டிஏசி பெட்டி ஒன்றை வாங்கி, ஜான் மேயரின் 'கன்டினியூம்' (2006) ஆல்பத்தை 24 பிட்டில் கேட்டேன். ப்ளூஸ் வாசனை வீசும் பாப். ஸ்டீவ் ஜோர்டனின் டிரம்ஸ், பினோ பல்லடினோவின் பேஸ்... அடடா! சிடியெல்லாம் கிட்டவே வராது என்று அளந்துவிட்டேன்.

தங்கமணி விடவில்லை. என் கண்ணைக் கட்டி, சிடியையும் இதையும் மாற்றி மாற்றிப் போட்டு, "இது எதுங்க?" என்றார். பத்துக்கு ஐந்துதான் சரி. காசைச் சுண்டியிருந்தாலும் அதே மார்க்தான் :-)

சிடியின் 16 பிட்டே 96 டெசிபல் வீச்சைத் தாங்கும். ஃபேன் ஓடும் ஹாலில் அதற்கு மேல் எதற்கு?

பிறகு ஏன் அவ்வளவு இனித்தது? பல வருஷம் கழித்து, செல்லை அணைத்துவிட்டு ஒரு ஆல்பத்தை முழுசாகக் கேட்டேன். அவ்வளவுதான். அது இலவசம் மக்களே. பெட்டிக்குப் போட்ட காசில் குடும்பத்தோடு ஊருக்கு ஒருமுறை போய் வந்திருக்கலாம்.