வழக்குக் கட்டுகளை அழிக்காதீர்கள்

எம்.ஏ. எதிர் வேலூர் காவல் கண்காணிப்பாளர் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் 2025 மே 22 அன்று அளித்த தீர்ப்பைப் பற்றி இந்த இதழ் தன் நிலையைச் சொல்லியாக வேண்டும். நீதிபதிகள் ஜி.ஆர். சுவாமிநாதன், வி. லட்சுமிநாராயணன் அமர்வின் முடிவை முழுமனதோடு வரவேற்கிறோம். 2023இல் சுப்ரியோ வழக்கில் உச்ச நீதிமன்றம் தன்பாலின இணையர்களுக்குத் திருமண உரிமையை மறுத்த பிறகும், குடும்பம் அமைக்கத் திருமணம் ஒன்றே வழியல்ல என்று ஓர் உயர் நீதிமன்றம் சொன்னது பெரிய காரியம். 'குயர்' என்ற சொல் குறித்து அமர்வு வெளியிட்ட சங்கடத்தை நாம் பெரிதுபடுத்த வேண்டியதில்லை.

தீர்ப்பு பேசும் 'தேர்ந்துகொண்ட குடும்பம்' பற்றிய கட்டுரைகள் நமக்கு வரத் தொடங்கிவிட்டன. நல்லதுதான். ஆனால் எல்லாமே தீர்ப்பின் பத்திகளைச் சுற்றியே வருகின்றன. அந்தப் பத்திகளுக்குப் பின்னால் இருக்கும் வழக்குக் கட்டை யாரும் கேட்கவில்லை.

மனுதாரர் தன் ஆட்கொணர்வு மனுவின் பிரமாணப் பத்திரத்தில் தன்னை நெருங்கிய தோழி என்று மட்டுமே குறிப்பிட்டிருந்தார். அந்தத் தயக்கம் தங்களுக்குப் புரிகிறது என்றது அமர்வு. வீட்டில் அடைத்துவைக்கப்பட்டிருந்த 25 வயதுப் பெண்ணிடம் நீதிபதிகள் நேரில் பேசியபோதுதான் இருவரின் உறவு வெளிப்பட்டது. தன்னை வலுக்கட்டாயமாகக் கூட்டிப்போய் அடித்ததையும், 'சரியாக்க' வேண்டிச் சடங்குகள் செய்ததையும் அவர் சொன்னார். காவல் நிலையங்களுக்குப் போன புகார்கள், தாய் சொன்ன குற்றச்சாட்டுகள், காவல்துறையின் அலட்சியம் ஆகியவற்றையெல்லாம் தீர்ப்பு சில வரிகளில் கடந்துவிடுகிறது. அவற்றின் மூலத்தாள்களில்தான் நம் வேலை தொடங்குகிறது.

தன்பாலீர்ப்பு கொண்ட பெண்களைப் பொறுத்தவரை இதற்கு மாற்றே இல்லை. ஆண்களின் வரலாற்றை இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 377ஆம் பிரிவின் குற்ற வழக்குகள் வழியாகவாவது தேடலாம். 1884இன் கைராத்தி வழக்கை வைத்து எத்தனை ஆய்வுகள் எழுந்திருக்கின்றன! பெண்களை ஆண்டது அந்தப் பிரிவல்ல, வீடு. வீட்டை மீறி ஒருத்தி வெளியேறும்போது எழும் காணாமற்போனோர் புகார், ஆட்கொணர்வு மனு, தற்கொலைச் செய்தி ஆகியவற்றில்தான் அவள் அரசின் தாளில் ஏறுகிறாள். ஆய்வாளர் ரூத் வனிதா பெண் இணையர்களைத் தேடிச் செய்தித்தாள்களைத் துழாவியதும், மாயா சர்மா ஊர் ஊராகப் போய்ப் பெண்களைச் சந்தித்து 2006இல் 'லவிங் விமன்' நூலைக் கொண்டுவந்ததும் இந்த வறட்சியால்தான். காலனிய ஆவணக்காப்பகத்தில் இழந்ததை மீட்டுவிடலாம் என்ற நம் ஆசையை ஆய்வாளர் அஞ்சலி அரோந்தேகர் 2009இல் கேள்விக்குள்ளாக்கினார். அவர் வாதத்தை ஏற்கிறோம். ஆனால் நாம் பேசுவது நம் கண்ணெதிரே, இன்று, எண்ணிட்டுக் கட்டப்பட்டு அறைக்குள் போகும் தாள்களைப் பற்றி.

அந்தத் தாள்களின் ஆயுளை முடிவுசெய்வது 1917ஆம் ஆண்டின் ஆவண அழிப்புச் சட்டம். அதன் கீழ் நீதிமன்றங்கள் வகுத்துக்கொண்ட விதிகளின்படி, கெடு முடிந்த கட்டுகள் கழிக்கப்படுகின்றன. கழிப்பதா வேண்டாமா என்ற முடிவில் வரலாற்றாய்வாளருக்கு இடமில்லை. தீர்ப்பு சட்ட இதழ்களில் பிழைத்துக்கொள்ளும். அந்தப் பெண் கையெழுத்திட்ட தாள் பிழைக்காது.

2024 மார்ச் 11 அன்று தேவு ஜி. நாயர் வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த வழிகாட்டுதல்கள் இதை இன்னும் அவசரமாக்குகின்றன. அடைத்துவைக்கப்பட்டவரிடம் தனி அறையில் பேச வேண்டும், அவர் சொல்வதைப் பதிவுசெய்து எழுத்தாக்க வேண்டும், வேறு எவர் கைக்கும் கிடைக்காமல் பாதுகாக்க வேண்டும் என்கின்றன அவை. ஒவ்வொன்றும் சரி. விளைவைப் பாருங்கள்: தன்பாலீர்ப்பு கொண்ட பெண்களின் சொந்தக் குரல், அரசின் ஆணையால், முதன்முறையாக முறையாகப் பதிவாகிறது. எவ்வளவு காலத்துக்கு? பிறகு யாரிடம்? பதிலே இல்லை.

இதைக் கேட்டு நாம் எழுதிய கடிதங்களுக்கு ஓர் அலுவலகம் வழக்கில் நீங்கள் தரப்பினர் அல்ல என்று பதில் அனுப்பியது. இன்னொன்று அதைக்கூடச் செய்யவில்லை. சொத்துத் தகராறின் பழைய வரைபடத்தைத் தேடி எடுத்துத் தரும் நிர்வாகம், இந்தப் பெண்களின் தாள்களைக் குடும்பச் சச்சரவின் மிச்சமாக நடத்துகிறது. அந்தரங்கத்தைக் காக்கிறோம் என்பார்கள். எம்.ஏ. என்ற முதலெழுத்துகளுக்குப் பின்னால் இருப்பவரைத் தேடும் எந்தக் கட்டுரையையும் இந்த இதழ் வெளியிடாது. அந்தப் பொறுப்பு நமக்கு உண்டு. ஆனால் ஒரு பெண்ணின் வாக்குமூலத்தைக் கெடு பார்த்துக் கிழிப்பது அவளுடைய அந்தரங்கத்துக்குச் செய்யும் மரியாதை அல்ல. அவளைக் கேட்டார்களா?

கேட்க வேண்டும் என்பதே நம் கோரிக்கை. வழக்கு முடியும்போது, தன் கட்டு நிரந்தரமாகக் காக்கப்பட வேண்டுமா, எத்தனை ஆண்டு மூடியிருக்க வேண்டும், பிறகு யார் பார்க்கலாம் என்று சம்பந்தப்பட்டவரே எழுதித் தர ஒரு படிவம் போதும். ஆய்வுக்கும் ஆவணக்காப்புக்கும் 2023ஆம் ஆண்டின் தரவுப் பாதுகாப்புச் சட்டமே விலக்குத் தருகிறது. அவர் பதில் வரும்வரை இத்தகைய ஆட்கொணர்வு மனுக்களின் கட்டுகளில் ஒன்றுகூடக் கழிவுப் பட்டியலில் ஏறக்கூடாது. உயர் நீதிமன்றங்கள் இதற்குத் தங்கள் விதிகளைத் திருத்தினால் போதும். நாடாளுமன்றத்துக்காகக் காத்திருக்கத் தேவையில்லை.