நாய்க்கு நிறம் தெரியும்

நாயின் கண்ணுக்கு எல்லாமே கறுப்பு வெள்ளைதான் என்று நாய் வளர்ப்பவர்களே அடித்துச் சொல்கிறார்கள். பிள்ளைகளுக்கும் அதையே சொல்லிக்கொடுக்கிறார்கள். 1989இலேயே பொய்யென்று நிரூபணமான சங்கதி இது.

அந்த ஆண்டு கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின் சாண்டா பார்பரா வளாகத்தைச் சேர்ந்த ஜெய் நெய்ட்ஸும் அவருடைய சகாக்களும் இரண்டு இத்தாலியன் கிரேஹவுண்டுகளையும் ஒரு பூடிலையும் சோதித்தார்கள். ஒளிரும் பலகைகள் மூன்று. அவற்றில் நிறம் மாறியிருப்பதைத் தொட்டால் தீனி. வெளிச்சத்தைக் கூட்டியும் குறைத்தும் பார்த்தார்கள், நாய்கள் ஏமாறவில்லை. மனித விழித்திரையில் நிறமறியும் கூம்பு செல்கள் மூன்று வகை என்றால், நாய்க்கு இரண்டு வகை. நீலமும் மஞ்சளும் அதற்கு நன்றாகவே தெரியும். சிவப்பையும் பச்சையையும் பிரித்தறிவதுதான் முடியாது. மனிதரிலும் அப்படிப்பட்டவர்கள் உண்டு. அவர்களுக்கு உலகம் கறுப்பு வெள்ளை என்று யாரும் சொல்வதில்லையே!

‘நிறம் தெரிந்தால் என்ன, நாய் வெளிச்ச வேறுபாட்டை வைத்துத்தானே பொருளை அடையாளம் காண்கிறது?’ என்று அடுத்த வாதம் வரும். 2013இல் ரஷ்ய ஆய்வாளர்கள் அதற்கும் விடை கண்டார்கள். அடர்மஞ்சள் தாள் ஒட்டிய பெட்டியில் இறைச்சி இருக்கும் என்று பழகிய நாய்க்கு முன்னால் வெளிர்மஞ்சளையும் அடர்நீலத்தையும் வைத்தார்கள். வெளிச்சம்தான் கணக்கு என்றால் அது அடர்நீலத்துக்குப் போயிருக்க வேண்டும். நாய்கள் பெரும்பாலும் நிறத்தைத்தான் தேடிப் போயின.

மோப்பம் போதும், நாய்க்குக் கண் எதற்கு என்பவர்கள் சிப்பிப்பாறை நாயைப் பார்க்கட்டும். ஓடும் முயலைக் கண்ணால் கண்டு துரத்துகிற இனம் அது. நுணுக்கமான விவரங்களில் நாய்ப் பார்வை மங்கல்தான். அசைவைப் பிடிப்பதில் அது கெட்டி.

இந்தத் தவறான நம்பிக்கைக்கு விலை கொடுப்பது நாய்தான். நிறம் எதுவானால் என்ன என்று சிவப்புப் பந்தை வாங்கிப் புல்வெளியில் எறிகிறார்கள். நாயின் கண்ணுக்கு அந்தச் சிவப்பும் புல்லின் பச்சையும் ஏறக்குறைய ஒரே மங்கிய மஞ்சள். அது மோந்து மோந்து தேடும்போது ‘மக்கு’ என்று திட்டு விழுகிறது. டென்னிஸ் பந்தின் மஞ்சளும் புல்லோடு கலந்துபோகக்கூடியதே. அடுத்த முறை நீலப் பந்தாகப் பார்த்து வாங்குங்கள்.