பழைய செடானுக்குப் புது மிடுக்கு: பாடி கிட் மாட்டும் முன் ஒரு கேள்வி!

பத்துப் பதினைந்து வருடம் ஓடிய செடான் காரின் இன்ஜின் இன்னும் சொன்ன பேச்சைக் கேட்கும். ஏ.சி-யும் குளிரும். ஆனால், அபார்ட்மென்ட் பார்க்கிங்கில் பக்கத்து வீட்டுப் புது எஸ்.யூ.வி-க்கு அருகே நிற்கும்போது மட்டும் காருக்கு வயதாகிவிட்டது கண்ணில் படும். விற்கவும் மனசு வராது; அப்படியே விடவும் மனசு வராது. அப்படிப்பட்ட வீடுகளில் பிள்ளைகள் மொபைலில் ஒரு படத்தைக் காட்டுவார்கள். அதே மாடல் கார்தான். ஆனால் முன்பக்கம் தரையைத் தொட்டுவிடுவது போல இறங்கியிருக்கும். டிக்கியின் மேல் ஒரு சிறகு நிற்கும். "பாடி கிட் மாட்டினா நம்ம காரும் இப்படி ஆயிடும்பா!"

'எவ்வளவு ஆகும்?' என்பது வீட்டில் எழும் முதல் கேள்வி. 'எதுக்கு இப்போ?' என்பது இரண்டாவது. இரண்டும் நியாயமானவை. ஆனால், யாரும் கேட்காத மூன்றாவது கேள்வி ஒன்று இருக்கிறது: 'வேண்டாம் என்றால் கழற்ற முடியுமா?' பழைய காரைப் பொறுத்தவரை, எந்தக் கிட், எந்த மெட்டீரியல், எப்படி மாட்டுவது என்ற எல்லாவற்றுக்கும் விடை இந்தக் கேள்விக்குள்தான் இருக்கிறது.

கிட்டில் என்ன இருக்கும்?

முன் பம்பருக்குக் கீழே ஒட்டுவது லிப். இரண்டு சக்கரங்களுக்கும் நடுவே, கதவுக்குக் கீழே ஓடுவது சைடு ஸ்கர்ட். பின் பம்பரின் அடியில் வருவது டிஃப்யூசர். டிக்கி மேல் நிற்பது ஸ்பாய்லர். இவை இருக்கும் பம்பரோடு கூடுதலாகச் சேர்பவை. இன்னொரு வகை உண்டு. அதில் கம்பெனி பம்பரையே கழற்றிவிட்டு, முழுசாக வேறு பம்பர் வைப்பார்கள்.

முதல் வகையைக் கழற்றினால் பழைய கார் திரும்பக் கிடைக்கும். இரண்டாவது வகையில் பழைய பம்பரைப் பத்திரமாக எடுத்து வைத்திருந்தால்தான் கிடைக்கும். குடும்பம் தினமும் பயன்படுத்தும் காருக்கு முதல் வகையே போதும்.

வேகம் கூடுமா?

ஸ்பாய்லர் அழகுக்காகப் பிறந்த பொருள் அல்ல. 1972-ல் வந்த போர்ஷே 911 கரேரா ஆர்.எஸ். 2.7 காரின் பின்பக்கம் வாத்து வால் போல ஒரு சிறு மேடு இருந்தது. அதிவேகத்தில் காரின் பின்பகுதி மேலே தூக்கப்படுவதைக் குறைப்பதுதான் அதன் வேலை. ரேஸ் டிராக்கில் பிறந்த இந்த மாதிரி உருவங்கள்தான் பிறகு தெருவுக்கு வந்தன.

காற்றின் விசை வேகத்தின் வர்க்கத்துக்கு ஏற்பக் கூடும். அதாவது, 50 கி.மீ. வேகத்தில் இருப்பதைப்போல 4 மடங்கு விசை 100 கி.மீ. வேகத்தில் இருக்கும். வடபழனி சிக்னலுக்கும் கோயம்பேட்டுக்கும் நடுவே ஊர்ந்து போகிற காருக்கு டிஃப்யூசரால் ஒரு பயனும் இல்லை. போதாக்குறைக்கு, கடையில் கிடைக்கும் பெரும்பாலான கிட்கள் பார்வைக்காகச் செய்யப்பட்டவை. அழகுக்காக மாட்டுவதில் தவறே இல்லை. 'மைலேஜ் கூடும், ரோடு கிரிப் கூடும்' என்ற பேச்சை நம்பிப் பணம் கொடுப்பதுதான் தவறு.

மாடல் ஒன்று, முகம் இரண்டு

உதாரணத்துக்கு, நம் ஊர்ச் சாலைகளில் இன்னும் நிறையப் பார்க்க முடிகிற 2008-13 ஹோண்டா சிட்டியை எடுத்துக்கொள்ளலாம். அம்பு முனை போன்ற முகம் கொண்ட இந்த மாடல் தாய்லாந்திலும் விற்றது. அதனால் அங்கு இதற்கென்றே செய்யப்பட்ட கிட்களும் உண்டு. அவற்றைப் பார்த்து இங்கேயே ஃபைபரில் வார்த்துக் கொடுப்பவர்களும் உண்டு.

இங்கேதான் முதல் சறுக்கல். 2011 இறுதியில் இந்தக் காரின் முகத்தைக் கம்பெனி கொஞ்சம் மாற்றியது. பம்பரின் வளைவுகளும் மாறின. '2008-13 சிட்டிக்கான கிட்' என்று சொல்லி விற்பது முதல் பாதிக் காருக்கானதா, இரண்டாம் பாதிக் காருக்கானதா என்று கேட்காமல் வாங்கினால், ஓரத்தில் விரல் நுழைகிற அளவுக்கு இடைவெளி நிற்கும். அதைப் பட்டி வைத்து நிரப்புவார்கள். ஆறு மாதத்தில் பட்டி விரிசல் விடும். ஆர்டர் கொடுப்பதற்கு முன் காரின் தயாரிப்பு மாதத்தையும் பம்பரின் போட்டோவையும் கடைக்காரருக்கு அனுப்பிவிடுவது நல்லது. எந்த மாடலாக இருந்தாலும் இதே கதைதான்.

ஃபைபரா, பிளாஸ்டிக்கா?

ஃபைபர் என்று கடைகளில் சொல்லப்படுவது, கண்ணாடி இழையில் ரெசின் தடவி வார்ப்பது. விலை குறைவு, உடைந்தாலும் ஒட்டிவிடலாம். ஆனால் வளையாது. தட்டினால் உடையும். வார்ப்பு சுத்தமாக இல்லாவிட்டால் தேய்த்து, பட்டி போட்டுச் சமன் செய்ய நிறைய வேலை வாங்கும். வாங்கும்போது பின்பக்கத்தைத் திருப்பிப் பார்க்க வேண்டும். கனம் ஒரே சீராக இருக்கிறதா, ஓரங்கள் முறுக்கிக்கொண்டிருக்கின்றனவா என்பது அங்கே தெரிந்துவிடும்.

ஏ.பி.எஸ். பிளாஸ்டிக் ஓரளவு வளையும். அச்சில் வருவதால் பொருத்தமும் நன்றாக இருக்கும். பாலியூரித்தேன் ரப்பர் மாதிரி நன்றாக வளைந்து கொடுக்கும். கனம் கொஞ்சம் கூடுதல்; விலையும் கூடுதல். வளையும் பொருளுக்கு வளையும் பெயின்ட் கலவை வேண்டும்; இல்லையென்றால் பெயின்ட் செதில் செதிலாக உரியும்.

முன் லிப்புக்கு வளையும் பொருள், பின்பக்கத்துக்கு ஏ.பி.எஸ். என்று பிரித்து வாங்குவதும் ஒரு வழி. அடி வாங்கப்போவது முன் லிப்தானே!

வேகத்தடைக்கு ஓர் அட்டைப் பரீட்சை

இந்தியச் சாலைகள் காங்கிரஸின் விதிமுறைப்படி ஒரு வேகத்தடை 10 செ.மீ. உயரமும் 3.7 மீட்டர் அகலமும் இருக்க வேண்டும். அந்த அகலம் இருந்தால் கார் மெதுவாக ஏறி இறங்கிவிடும். ஆனால், தெருக்காரர்களே ஒரே இரவில் போட்டுவிடும் வேகத்தடைகள் எந்த விதிமுறையையும் படித்ததில்லை. குட்டையாக, செங்குத்தாக நிற்கும்.

பழைய சிட்டியின் தரை இடைவெளி சுமார் 160 மி.மீ. நான்கு பேர் ஏறி, டிக்கியில் ஊருக்குப் போகிற பெட்டிகளும் சேர்ந்தால் அது இன்னும் குறையும். பிரேக் அடிக்கும்போது மூக்கு இன்னும் கொஞ்சம் இறங்கும். லிப் இருப்பதோ முன்சக்கரத்துக்கும் முன்னால். சக்கரம் மேட்டில் ஏறிக் காரைத் தூக்குவதற்கு முன்பே லிப் மேட்டை முட்டிவிடும். பேஸ்மென்ட் பார்க்கிங் சரிவிலும் இதே சிக்கல்தான்.

இதை முன்கூட்டியே தெரிந்துகொள்ளச் செலவே இல்லாத ஒரு வழி இருக்கிறது. வாங்க நினைக்கும் லிப் எத்தனை செ.மீ. கீழே இறங்குமோ, அதே அளவுக்குக் கெட்டி அட்டையை வெட்டி, பம்பரின் கீழ் விளிம்பில் டேப் போட்டு ஒட்ட வேண்டும். பிறகு ஒரு வாரம் வழக்கமான வேலைகளுக்கே காரை எடுத்துப் போக வேண்டும். ஆபீஸ், பள்ளிக்கூடம், மார்க்கெட், ஒரு நாள் முழுக் குடும்பத்தோடு கோயில். வார இறுதியில் அட்டை மடங்கிக் கிழிந்திருந்தால், லிப்பும் அப்படித்தான் ஆகும். வீட்டில் நடக்கும் வாக்குவாதத்தை அந்த அட்டையே முடித்துவைக்கும்.

சென்னை போன்ற ஊர்களில் நவம்பர், டிசம்பர் மழையையும் கணக்கில் சேர்க்க வேண்டும். தேங்கிய நீரில் கார் போகும்போது தண்ணீர் முழு விசையோடு லிப்பைத்தான் தள்ளும். டேப்பை மட்டும் நம்பி ஒட்டிய லிப், தண்ணீரோடு போய்விடும்.

மாட்டும் நாளில் கூடவே நிற்க வேண்டும்

பெயின்ட் அடிப்பதற்கு முன்பே ஒருமுறை காரில் வைத்துப் பார்க்கச் சொல்ல வேண்டும். பொருந்தவில்லை என்றால் பெயின்ட் அடிக்காத பொருளைத்தான் கடையில் திரும்ப வாங்குவார்கள்.

தரமான டபுள் சைடு டேப் முழுப் பிடிப்புக்கு வர சுமார் 72 மணி நேரம் ஆகும். ஒட்டிய மறுநாளே வாட்டர் வாஷ் விடக் கூடாது. முன் லிப்புக்கு டேப்போடு ஸ்க்ரூவும் அவசியம். ஆனால் ஸ்க்ரூ பம்பரின் அடிப்பக்கப் பிளாஸ்டிக்கில் இறங்க வேண்டும். பாடியின் தகட்டில் அல்ல.

பழைய காரின் பெரிய எதிரி துரு. சைடு ஸ்கர்ட் மாட்டுவதற்காகக் கதவுக்குக் கீழே உள்ள ரன்னிங் போர்டில் வரிசையாக ஓட்டை போடுவார்கள். மறைவாக இருப்பதால் துரு பிடிப்பது வெளியே தெரியாது. தெரியும்போது தகட்டையே வெட்டி வெல்டிங் வைக்க வேண்டியிருக்கும். ஓட்டை போட்டே தீர வேண்டுமென்றால், ஓரத்தைத் தேய்த்து, துருத் தடுப்பு பிரைமர் அடித்து, சீலன்ட் வைத்த பிறகுதான் ஸ்க்ரூ இறக்க வேண்டும். ரன்னிங் போர்டின் அடியில் தண்ணீர் வடிவதற்கென்று சிறு துளைகள் இருக்கும். அவற்றை ஸ்கர்ட் அடைத்துவிடக் கூடாது.

கடையை விட்டுக் கிளம்பும் முன் ஜாக்கியை எடுத்து, காரை ஒரு பக்கம் தூக்கிக் காட்டச் சொல்ல வேண்டும். ஜாக்கி வைக்கும் இடத்தை ஸ்கர்ட் மறைத்திருந்தால், பஞ்சர் ஆகும் ராத்திரியில்தான் அது தெரியவரும். வீட்டில் எல்லோரிடமும் ஒன்றைச் சொல்லிவைப்பதும் நல்லது: ஸ்கர்ட் படிக்கட்டு அல்ல. பாட்டி ஏறும்போது கால் ஊன்றினால் ஃபைபர் உடையும், பாட்டியும் தடுமாறுவார்.

முழு பம்பரையும் மாற்றுகிறவர்கள் கண்டிப்பாகக் கவனிக்க வேண்டியது, பம்பருக்கு உள்ளே இருக்கும் குறுக்குக் கம்பி. மோதலின் விசையை முதலில் வாங்கிக்கொள்வது வெளியே தெரியும் பிளாஸ்டிக் அல்ல, அந்தக் கம்பிதான். புது பம்பர் உட்காரவில்லை என்று அதை வெட்டவோ கழற்றவோ யாராவது முன்வந்தால், வேலையை அங்கேயே நிறுத்திவிட வேண்டும். ரேடியேட்டருக்குக் காற்று போகும் வழியும் குறையக் கூடாது. குறைந்தால் மே மாத டிராஃபிக்கில் டெம்பரேச்சர் முள் அதைக் காட்டிக்கொடுக்கும்.

பழைய வெள்ளை, புது வெள்ளை

பத்து வருடம் வெயிலில் நின்ற வெள்ளையும் டப்பாவிலிருந்து வரும் வெள்ளையும் ஒன்றல்ல. காரில் எழுதியிருக்கும் பெயின்ட் கோடுபடி கலந்தாலும் தனித்துத் தெரியும். பெட்ரோல் மூடியைக் கழற்றிக் கொடுத்து, அதன் நிறத்துக்கு ஒப்பிட்டுக் கலக்கச் சொல்லலாம். சில்வர் போன்ற மெட்டாலிக் நிறங்களில் இது இன்னும் கடினம். சுலபமான வழி, லிப்பையும் டிஃப்யூசரையும் கறுப்பிலேயே விட்டுவிடுவது. நிறம் பொருந்தவில்லை என்ற பேச்சே வராது. கீறலும் அவ்வளவாகத் தெரியாது.

ஆர்.சி. புத்தகம் என்ன சொல்கிறது?

மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-வது பிரிவுப்படி, ஆர்.சி-யில் உள்ள விவரங்கள் கம்பெனி குறிப்பிட்டதிலிருந்து மாறுபடும் வகையில் வாகனத்தை மாற்றக் கூடாது. 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் இதை உறுதி செய்தது. அதே ஆண்டு வந்த சட்டத் திருத்தத்தின்படி, அனுமதியில்லாத ஒவ்வொரு மாற்றத்துக்கும் 5,000 ரூபாய் அபராதம், அல்லது 6 மாதம் வரை சிறை, அல்லது இரண்டும் விதிக்கலாம். காரின் நிறத்தை மாற்றினால் ஆர்.சி-யில் பதிய வேண்டும். இரும்பு புல் பார் கூடவே கூடாது. நம்பர் பிளேட், விளக்குகள், பின் கண்ணாடியில் இருக்கும் பிரேக் லைட் எதையும் கிட் மறைக்கக் கூடாது.

பழைய கார்க்காரர்களுக்கு இன்னொரு விஷயமும் உண்டு. சொந்தக் காரின் பதிவு 15 ஆண்டுகளுக்குத்தான். பிறகு வண்டியைக் காட்டி, 5 ஆண்டுகளுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும். 2010-ல் பதிவான கார் என்றால் 2025-ல் அந்தக் கெடு வருகிறது. சோதிக்கும் அதிகாரி ஆட்சேபம் சொன்னால், அரை மணி நேரத்தில் கழற்றக்கூடிய லிப் பிரச்னையே இல்லை. வெட்டி ஒட்டிய பம்பர் பெரிய பிரச்னை. சந்தேகம் இருந்தால், பணம் கட்டும் முன்பே ஆர்.டி.ஓ. அலுவலகத்தில் படத்தைக் காட்டிக் கேட்டுவிடலாம். இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கும் எழுத்தில் தெரிவிக்க வேண்டும். தெரிவிக்காத கிட் உடைந்தால் அதற்கு க்ளெய்ம் கிடைப்பது கடினம்.

முதல் செலவு எது?

கிட்டுக்கு ஒதுக்கிய பணத்தைத் தொடும் முன் டயரின் பக்கவாட்டைப் பார்க்க வேண்டும். அதில் உள்ள நான்கு இலக்க எண்ணில் முதல் இரண்டு வாரம், அடுத்த இரண்டு ஆண்டு. 1918 என்றால் 2018-ன் 19-வது வாரம். டயர் கிழடாகி, பிரேக் பேடு தேய்ந்து, சஸ்பென்ஷன் புஷ் உளுத்துப்போன காருக்குச் சிறகு வைப்பதில் ஓர் ஆபத்து இருக்கிறது. வேகமாகத் தெரியும் காரை வேகமாக ஓட்டத் தோன்றும். நிறுத்தும்போதுதான் காரின் வயது நினைவுக்கு வரும். டயர், பிரேக், சஸ்பென்ஷன், அப்புறம் கிட். இந்த வரிசையில் செலவழித்தால் மாற்றம் பார்க்கவும் தெரியும், ஓட்டவும் தெரியும்.

முழு பம்பரையே மாற்றுவதென்று முடிவானால், கழற்றிய பழைய பம்பரைக் கடையிலேயே விட்டுவிட்டு வர வேண்டாம். கிளிப்புகளையும் ஸ்க்ரூக்களையும் ஒரு கவரில் போட்டு, பம்பரோடு சேர்த்துக் கட்டி, பரணில் ஏற்றிவிடலாம். ஆர்.டி.ஓ. கேட்டாலும், காரை வாங்க வருகிறவர் கேட்டாலும், மாட்டச் சொன்ன மகனே ஒரு நாள் 'பழசுதான்பா நல்லா இருந்துச்சு' என்றாலும், அப்படியே எடுத்துப் பூட்டிவிடலாம்.